பதில் போகாத கடிதங்கள்

அமெரிக்காவின் மிச்சிகன் மாநிலத்தில் வாழும் 17 வயது ஜேவிடம் ஒரு கட்டுக் கடிதங்கள் இருக்கின்றன. எல்லாமே தாளில், கையால் எழுதப்பட்டவை. எழுதியவன் ஜூன். தந்தைவழி உறவில் ஜேவுக்குச் சகோதரன் முறை. ஏறத்தாழ அவன் வயதுதான். ஆனால் அவன் இருந்தது பிலிப்பீன்ஸில்.

ஜேவுக்கு 10 வயதானபோது அவன் குடும்பம் பிலிப்பீன்ஸில் உள்ள தாத்தா பாட்டி வீட்டுக்குச் சென்றிருந்தது. அங்கே ஒரு நாய்க்குட்டி அவன் கையிலேயே உயிரை விட்டது. ஜே தேம்பித் தேம்பி அழுதான். அப்போது அவனுக்கு ஆறுதலாக இருந்தவன் ஜூன். ஊர் திரும்பிய பிறகும் அந்த உறவு விட்டுப்போகவில்லை. கடலைத் தாண்டிக் கடிதங்கள் போயின, வந்தன. ஜூன் தன் தந்தையைப் பற்றி எழுதினான்; கடவுளைப் பற்றித் தன் மனத்தில் எழுந்த ஐயங்களை எழுதினான்; தெருவில் கண்ட ஏழைகளைப் பற்றி எழுதினான்.

ஒரு கட்டத்தில் ஜே பதில் எழுதுவதை நிறுத்திவிட்டான். அதற்குப் பெரிய காரணம் எதுவும் இல்லை. சண்டை இல்லை; மனத்தாங்கல் இல்லை. பள்ளி, நண்பர்கள், கணினி விளையாட்டு என்று நாள்கள் ஓடின. பிறகு எழுதலாம் என்று ஒத்திப்போட்டான். அந்தப் பிறகு வரவேயில்லை. ஜூன் மேலும் சில கடிதங்கள் எழுதிப் பார்த்தான். பின்னர் ஜூன் தன் வீட்டை விட்டுப் போய்விட்டான் என்ற செய்தி வந்தது. வீட்டை விட்டுப் போனவனுக்கு முகவரி ஏது?

அதற்கும் பிறகு வந்தது கடைசிச் செய்தி. ஜூன் இறந்துவிட்டான். போதைப்பொருள் குற்றத்தில் ஈடுபட்டதாகச் சொல்லிக் காவல்துறையினர் அவனைச் சுட்டுக் கொன்றுவிட்டார்கள். இறுதிச் சடங்கு நடக்கப்போவதில்லை. இதைப் பற்றி யாரும் பேசவும் விரும்பவில்லை.

இப்படித் தொடங்குகிறது ‘பேட்ரன் செயின்ட்ஸ் ஆஃப் நத்திங்’ என்னும் ஆங்கில நாவல். இளையர்களுக்காக எழுதப்பட்ட இந்த நாவல் 2019ஆம் ஆண்டு வெளிவந்தது. அதே ஆண்டு அமெரிக்காவின் தேசிய நூல் விருதுக்கான இறுதிச் சுற்றுப் பட்டியலிலும் இடம்பெற்றது. இதை எழுதிய ரேண்டி ரிபாய் பிலிப்பீன்ஸில் பிறந்து, அமெரிக்காவின் மத்திய மேற்குப் பகுதியில் வளர்ந்தவர். உயர்நிலைப் பள்ளியில் ஆங்கில ஆசிரியராகப் பணியாற்றியவர். 17 வயதுப் பிள்ளைகளை நாள்தோறும் வகுப்பறையில் பார்த்துப் பழகியவர் என்பது கதை நெடுகிலும் தெரிகிறது. ஜே எங்கேயும் பெரியவரைப்போல் பேசுவதில்லை. தவறு செய்கிறான், அவசரப்படுகிறான், தனக்குத் தெரியாததைத் தெரிந்ததாக நினைத்துக்கொள்கிறான்.

ஜூன் என்னும் பெயரைக் கேட்டதும் மாதத்தின் பெயர் என்று தோன்றலாம். அது அப்படியன்று. பிலிப்பீன்ஸில் தந்தையின் பெயரையே மகனுக்கும் சூட்டும் வழக்கம் உண்டு. அப்போது மகனின் பெயருக்குப் பின்னால் சேரும் ‘ஜூனியர்’ என்பது பேச்சு வழக்கில் சுருங்கி ‘ஜூன்’ ஆகிவிடும். ஆக, அந்தப் பெயர் ஒவ்வொரு முறை அழைக்கப்படும்போதும் அவனுடைய தந்தையின் பெயரும் உடன் நிற்கிறது. நாவலில் அந்தத் தந்தைதான் மகனின் பெயரை வீட்டில் பேசக் கூடாது என்கிறார்.

இறுதிச் சடங்கு இல்லை என்பது பிலிப்பீன்ஸ் மக்களுக்கு எத்தகைய அடி என்பதை உணர, அங்குள்ள வழக்கங்களைச் சற்று அறிந்திருக்க வேண்டும். ஒருவர் இறந்தால் ‘லாமாய்’ என்னும் இரவு விழிப்பு நடைபெறும். உடலைப் பல நாள் வீட்டில் வைத்திருப்பார்கள். அதைத் தனியே விடுவதில்லை. யாராவது ஒருவர் விழித்திருப்பார். உறவினர், அண்டை வீட்டார், பழைய நண்பர்கள் என்று ஆள்கள் வந்துகொண்டே இருப்பார்கள். சாப்பாடு உண்டு, காப்பி உண்டு, தூக்கம் வராமல் இருக்கச் சீட்டாட்டமும் உண்டு. இறந்தவரைப் பற்றிய கதைகளைச் சொல்லி அழுவார்கள், சிரிக்கவும் செய்வார்கள். அதன்பின் ஒன்பது இரவுகள் தொடர்ந்து வழிபாடு. 40ஆம் நாளில் மீண்டும் கூடுவார்கள். ஆண்டுதோறும் நவம்பர் மாதத் தொடக்கத்தில் குடும்பத்தோடு கல்லறைக்குப் போய், மெழுகுவத்தி ஏற்றி, அங்கேயே சாப்பிட்டுப் பேசிக்கொண்டிருப்பார்கள். இறந்தவரையும் குடும்பத்தில் ஒருவராகவே நினைத்துப் பழகிய மக்கள் அவர்கள். அப்படிப்பட்ட ஊரில் ஜூனுக்காக ஒரு மெழுகுவத்திகூட ஏற்றப்படவில்லை.

ஏன்? அதற்கு விடை குடும்பத்துக்குள் மட்டும் இல்லை; நாட்டு நடப்பிலும் இருக்கிறது. 2016ஆம் ஆண்டு ஜூன் மாத இறுதியில் ரோட்ரிகோ டுட்டர்டே பிலிப்பீன்ஸின் அதிபராகப் பொறுப்பேற்றார். போதைப்பொருளை ஒழிப்பேன் என்பது அவருடைய முதன்மையான தேர்தல் வாக்குறுதி. காவல்துறையின் நடவடிக்கைக்கு ‘தொக்ஹாங்’ என்று பெயர் வைத்தார்கள். தெற்கே பேசப்படும் செபுவானோ மொழியில் ‘கதவைத் தட்டு’, ‘கேட்டுக்கொள்’ என்னும் பொருள்படும் இரண்டு சொற்களை இணைத்து உருவாக்கிய பெயர் அது. கதவைத் தட்டி, போதைப் பழக்கத்தை விட்டுவிடுமாறு கேட்டுக்கொள்ள வேண்டும் என்பதே அதன் பொருள். நடந்தது வேறு. தட்டப்பட்ட பல வீடுகளில் மறுநாள் துக்கம் நிகழ்ந்தது. ‘எதிர்த்துத் தாக்கினார், அதனால் சுட்டோம்’ என்று பொருள்தரும் ஒரே சொல் காவல்துறை அறிக்கைகளில் திரும்பத் திரும்ப வந்தது. 2022ஆம் ஆண்டு வரையிலான காலத்தில் காவல்துறை நடவடிக்கைகளில் 6,000க்கும் மேற்பட்டோர் கொல்லப்பட்டதாக அரசாங்கக் கணக்கே கூறுகிறது. மனித உரிமை அமைப்புகள் கூறும் எண்ணிக்கை அதைவிடப் பன்மடங்கு அதிகம். கொல்லப்பட்டவர்களில் பெரும்பாலோர் ஏழைகள்.

2017ஆம் ஆண்டு ஆகஸ்ட் மாதம், மணிலாவை ஒட்டியுள்ள கலோக்கான் நகரில் 17 வயது மாணவன் ஒருவன் கொல்லப்பட்டான். அவனும் எதிர்த்துச் சுட்டான் என்றே முதலில் சொல்லப்பட்டது. ஆனால் அவனைச் சிலர் இழுத்துச் செல்வது அங்கிருந்த கண்காணிப்புக் கேமராவில் பதிவாகியிருந்தது. நாடு கொதித்தது, அவனுடைய இறுதி ஊர்வலத்தில் ஆயிரக்கணக்கானோர் திரண்டனர். அடுத்த ஆண்டு மூன்று காவல்துறையினர் கொலைக் குற்றவாளிகள் என்று நீதிமன்றம் தீர்ப்பளித்தது. கேமரா இல்லாத சந்துகளில் இறந்தவர்களுக்கு இப்படி ஒரு தீர்ப்புக் கிடைப்பது அரிது. ரிபாயின் நாவல் அத்தகைய சந்து ஒன்றைத்தான் தேடிப் போகிறது. நாவல் வெளிவந்து ஆறாண்டுகள் கழித்து, 2025ஆம் ஆண்டு மார்ச் மாதம், அனைத்துலகக் குற்றவியல் நீதிமன்றத்தின் ஆணைப்படி டுட்டர்டே கைது செய்யப்பட்டு ஹேக் நகருக்குக் கொண்டுசெல்லப்பட்டார்.

ஜேவுக்கு இவற்றில் எதுவும் தெரியாது. தன் தந்தையின் நாட்டில் என்ன நடக்கிறது என்பதையே ஜூன் இறந்த பிறகு இணையத்தில் தேடித்தான் தெரிந்துகொள்கிறான். அந்த வெட்கம் அவனைக் குடைகிறது. அந்நேரத்தில் இன்ஸ்டாகிராமில் முன்பின் அறியாத ஒருவரிடமிருந்து ஒரு செய்தி வருகிறது. ஜூன் குற்றமற்றவன் என்கிறது அது. உடனே ஜே முடிவெடுக்கிறான். பள்ளி விடுமுறையில் பிலிப்பீன்ஸுக்குப் போக வேண்டும். உண்மையைக் கண்டுபிடிக்க வேண்டும். உறவினரைப் பார்க்கப் போவதாக மட்டும் பெற்றோரிடம் சொல்கிறான்.

வெளிநாட்டில் வாழ்ந்து ஊர் திரும்பும் பிலிப்பினோவை ‘பாலிக்பாயான்’ என்பார்கள். மலாய் தெரிந்தவர்களுக்கு இந்தச் சொல்லின் முதல் பாதியை விளக்கத் தேவையில்லை. ‘பாலிக்’ என்றால் திரும்புதல். ‘பாயான்’ என்றால் ஊர் அல்லது நாடு. தகாலோக் மொழியும் மலாய் மொழியும் ஒரே மொழிக் குடும்பத்தைச் சேர்ந்தவை. குழந்தைக்கு இரண்டிலும் ‘அனாக்’, வானத்துக்கு ‘லங்ஙிட்’, ஐந்துக்கு ‘லீமா’. இன்னும் சற்றுத் தோண்டினால் பழைய இந்தியத் தொடர்பும் தெரியும். தகாலோக் மொழியில் ஆசிரியரை ‘குரோ’ என்கிறார்கள். முகத்தை ‘முக்ஹா’ என்கிறார்கள். நம்பிக்கை வைப்பதை ‘ஆசா’ என்கிறார்கள். மாம்பழத்துக்கு அங்கே வழங்கும் ‘மங்கா’ என்னும் சொல், தமிழின் மாங்காய் கடல்வழியே போய்ச் சேர்ந்த வடிவம்.

ஏறத்தாழ 10 மில்லியன் பிலிப்பினோக்கள் தாய்நாட்டுக்கு வெளியே வாழ்கிறார்கள். அமெரிக்காவில் மட்டும் 4 மில்லியனுக்கும் மேல். ஊருக்கு வரும்போது வெறுங்கையோடு வரக் கூடாது என்பது எழுதாச் சட்டம். ஆண்டு முழுவதும் சோப்பு, சாக்லேட், காலணி, டின்னில் அடைத்த இறைச்சி என்று சிறிது சிறிதாகச் சேர்த்து, பெரிய அட்டைப் பெட்டியில் அடைத்துக் கப்பலில் அனுப்புவார்கள். அதற்குப் பாலிக்பாயான் பெட்டி என்றே பெயர். ஞாயிற்றுக்கிழமைகளில் சிங்கப்பூர் ஆர்ச்சர்ட் ரோட்டில் உள்ள லக்கி பிளாசா பக்கம் போனவர்கள், தரையில் அமர்ந்து இத்தகைய பெட்டிகளுக்கு ஒட்டுநாடா சுற்றும் பெண்களைப் பார்த்திருக்கலாம். பெட்டியில் போவது வெறும் பொருள் அன்று. தொலைவில் இருப்பவர் ‘நான் உங்களை மறக்கவில்லை’ என்று சொல்லும் முறை அது. ஜே அப்படி எதையும் அனுப்பியவன் அல்லன். ஒரு கடிதத்துக்குப் பதில்கூட அனுப்பாதவன்.

மணிலாவில் இறங்கிய ஜேவுக்கு முதல் தடை மொழி. அவன் பிறந்தது பிலிப்பீன்ஸில். ஆனால் கைக்குழந்தையாக இருக்கும்போதே குடும்பம் அமெரிக்காவுக்குக் குடிபெயர்ந்துவிட்டது. தாயார் அமெரிக்க வெள்ளையர். தந்தை தம் மொழியைப் பிள்ளைகளுக்குக் கற்றுக்கொடுக்கவில்லை. அவரைக் குறை சொல்வது எளிது. ஆனால் அதற்குப் பின்னால் நீண்ட வரலாறு இருக்கிறது. முந்நூறு ஆண்டுகளுக்கு மேல் ஸ்பெயின் ஆண்ட அந்தத் தீவுகளை 1898ஆம் ஆண்டு அமெரிக்கா 20 மில்லியன் டாலருக்குப் பெற்றுக்கொண்டது. 1901ஆம் ஆண்டு கப்பல் நிறைய அமெரிக்க ஆசிரியர்கள் வந்திறங்கினார்கள். பள்ளிக்கூடத்தின் மொழி ஆங்கிலம் ஆனது. 1946ஆம் ஆண்டு விடுதலை கிடைத்த பிறகும், ஆங்கிலம் நன்றாகப் பேசுபவனே முன்னேறுவான் என்ற எண்ணம் அகலவில்லை. அந்த எண்ணத்தோடு கடல் கடந்த ஒரு தந்தை, பிள்ளையின் நாக்கில் வேற்று ஒலி தெரியக் கூடாது என்று நினைத்தால் அதில் வியப்பென்ன? பிள்ளைக்கு நல்லது செய்வதாக எண்ணித்தான் அவர் அதைச் செய்தார். விளைவு, சொந்தப் பாட்டியிடம் இரண்டு வாக்கியம் பேச முடியாத பேரன்.

மொழி தெரியாதவனுக்கு முறை மட்டும் எப்படித் தெரியும்? அங்கே பெரியவர்களைக் கண்டால், அவர்கள் கையைப் பற்றித் தன் நெற்றியில் ஒற்றிக்கொள்ள வேண்டும். பேசும்போது வாக்கியத்தில் ‘போ’ என்னும் மரியாதைச் சொல்லைச் சேர்க்க வேண்டும். தமிழில் ‘ங்க’ சேர்ப்பதைப் போல. தாத்தாவை ‘லோலோ’, பாட்டியை ‘லோலா’ என்று அழைக்க வேண்டும். பெற்றோருடன் பிறந்த ஆண்கள் எல்லாரும் ‘தித்தோ’. பெண்கள் எல்லாரும் ‘தித்தா’. பெரியப்பா, சித்தப்பா, மாமா என்று பிரித்துப் பழகிய தமிழ்ப் பிள்ளைகளுக்கு இந்த ஒரே சொல் மிகவும் எளிது என்று தோன்றும். ஜேவுக்கு அதுவே நாக்கில் புரளவில்லை.

முதலில் அவன் தங்குவது தித்தோ மனிங்கின் வீட்டில். இவர்தான் ஜூனின் தந்தை. காவல்துறையில் உயர் பதவியில் இருப்பவர். போதைப்பொருளுக்கு எதிரான நடவடிக்கையை முழுமையாக ஆதரிப்பவர். சொந்த மகன் அதே நடவடிக்கையில் இறந்திருக்கிறான்; வீட்டின் ஒழுங்கு மட்டும் சிறிதும் குலையவில்லை. ஜூனின் தங்கைகள் கிரேஸும் ஏஞ்சலும் அண்ணனின் பெயரைச் சொல்லவே அஞ்சுகிறார்கள்.

மனிங்கைக் கதையின் கொடியவராக மட்டும் காட்டிவிட்டுப் போயிருக்கலாம். ரிபாய் அப்படிச் செய்யவில்லை. நாவலின் சிறப்பே அங்கேதான் இருக்கிறது. மனிங் ஜேவை நேராகப் பார்த்துக் கேட்கும் கேள்விகளில் உண்மை உண்டு. உன் தந்தை இந்த நாட்டை விட்டுப் போனார், நீ இந்த மொழியைக் கற்கவில்லை, வரலாற்றைப் படிக்கவில்லை, இப்போது சில நாள்களுக்கு வந்து எங்களுக்குத் தீர்ப்புச் சொல்கிறாயா? இந்தப் பொருளில் அவர் பேசும்போது ஜேவிடம் பதில் இல்லை. வாசகருக்கும் சற்று நேரம் வாயடைத்துப் போகிறது. ஆனால் அந்தக் கேள்விகளை எல்லாம் கேட்கும் மனிதர், தம் மகன் எப்படி இறந்தான் என்ற ஒரு கேள்வியை மட்டும் தமக்குள் கேட்டுக்கொள்ள மறுக்கிறார். நாட்டுப்பற்று அவருக்குத் துயரத்தை மறைத்துக்கொள்ளும் திரையாகிவிட்டது.

இதன்பிறகு ஜே பல இடங்களுக்கு அலைகிறான். மியா என்னும் இதழியல் மாணவி உதவுகிறாள். இந்தப் பகுதி துப்பறியும் கதையைப்போல விறுவிறுப்பாக ஓடுகிறது. உண்மையைச் சொன்னால், நாவலின் வலிமை இங்கே இல்லை. மியா வரும் பக்கங்களைவிட, ஜூன் அன்பு செலுத்திய ரெய்னா என்னும் பெண்ணை ஏழைகளின் குடியிருப்பில் ஜே சந்திக்கும் பக்கங்கள் மனத்தில் தங்குகின்றன. வீட்டை விட்டுப் போன ஜூன் வேறொரு வாழ்க்கையைத் தேடிக்கொண்டிருந்தான் என்பது அங்கேதான் தெரிகிறது.

பின்னர் ஜே அஞ்சிய உண்மை வெளிவருகிறது. ஜூன் ஒரு கட்டத்தில் போதைப்பொருளைப் பயன்படுத்தியிருக்கிறான், விற்றும் இருக்கிறான். ‘ஷாபு’ என்னும் அந்தப் பொருளின் பெயர் மலேசிய நாளிதழ்களிலும் அடிக்கடி அடிபடும் பெயர்தான். குற்றமற்றவன் என்று நிறுவுவதற்காகவே கடல் கடந்து வந்தவன் ஜே. வந்த காரியம் கைநழுவிப்போனதைப்போல் அவன் உட்கார்ந்துவிடுகிறான்.

இளையர்களுக்கு எழுதும் பல ஆசிரியர்கள் இந்த இடத்தில் தயங்கியிருப்பார்கள். ஜூன் மீது வீண்பழி சுமத்தப்பட்டது, உண்மையான குற்றவாளி வேறொருவன் என்று கதையை முடித்திருந்தால் வாசகர்கள் நிம்மதியாகப் புத்தகத்தை மூடியிருப்பார்கள். ஆனால் அப்படி முடித்திருந்தால், குற்றம் செய்தவன் கொல்லப்படலாம் என்று மறைமுகமாக ஒப்புக்கொண்டது போலாகும். ரிபாய் கேட்பது வேறு. ஜூன் தவறியவன்தான், அதனால் அவனுக்காக அழக் கூடாதா? விசாரணை இல்லாமல் அவனைச் சுட்டது சரியாகிவிடுமா? நாய்க்குட்டி இறந்த நாளில் பக்கத்தில் இருந்தவன், கடவுளைப் பற்றி எழுதியவன், பசியோடு இருப்பவர்களைக் கண்டு வருந்தியவன், ஷாபு விற்றவன் எல்லாரும் ஒருவனே.

நாவலின் தலைப்பும் இங்கேதான் விளங்குகிறது. பிலிப்பீன்ஸில் ஐந்தில் ஏறத்தாழ நால்வர் கத்தோலிக்கர். அங்கே ஒவ்வோர் ஊருக்கும் ஒரு காவல் புனிதர் உண்டு; அவருடைய நாளில் ஊரே திருவிழாக் கொண்டாடும். மீனவருக்கு ஒரு புனிதர், பயணம் போவோருக்கு ஒரு புனிதர், தொலைந்த பொருளைத் தேடித்தர ஒரு புனிதர். ஜே தன் சகோதரனையும் அத்தகைய புனிதராக்கிப் பார்க்க விரும்பினான். அப்படி ஆக்கிவிட்டால் தன் குற்றவுணர்வும் தீர்ந்துவிடும் என்று உள்ளுக்குள் நினைத்தான். தலைப்பில் உள்ள புனிதர்களோ எதற்கும் காவலாக நிற்காதவர்கள், வெறும் மனிதர்கள்.

ஜேவின் தேடல் கடைசியாகத் தாத்தா பாட்டியின் வீட்டில் வந்து நிற்கிறது. பிக்கோல் வட்டாரத்தில் உள்ள அந்த வீட்டில் குடும்பம் ஜூனுக்காகக் கூடுகிறது. இறந்து பல நாள்களுக்குப் பிறகு, முறைப்படி நடந்திருக்க வேண்டியது சிறிய அளவில் நடக்கிறது. ஒவ்வொருவரும் ஜூனைப் பற்றித் தமக்குத் தெரிந்ததைச் சொல்கிறார்கள். அவன் குற்றமற்றவன் என்று நிறுவ அங்கே யாரும் முயலவில்லை. பெயரைச் சொல்லி, நினைவைப் பகிர்ந்துகொள்கிறார்கள், அவ்வளவுதான். அத்தனை நாளும் அந்தக் குடும்பத்துக்கு மறுக்கப்பட்டிருந்ததும் அதுதான்.

பேசாமல் இருப்பது எப்படி ஒரு தலைமுறையிலிருந்து அடுத்த தலைமுறைக்குப் போகிறது என்பது ரிபாயை விடாமல் தொடரும் கேள்வி போலும். 2024ஆம் ஆண்டு வெளிவந்த ‘எவ்ரிதிங் வீ நெவர் ஹேட்’ என்னும் நாவலில் அவர் நான்கு தலைமுறைப் பையன்களை எழுதியிருக்கிறார். முதலாமவன் 1930ஆம் ஆண்டு கலிபோர்னியாவின் வாட்சன்வில் பகுதியில் பண்ணைக் கூலி. அந்த ஆண்டு சனவரியில் அங்கே பிலிப்பினோக்களை வெள்ளையர் கும்பல்கள் துரத்தித் தாக்கியது வரலாற்று நிகழ்ச்சி. இரண்டாமவன் காலத்தில், 1965ஆம் ஆண்டு, டெலானோ திராட்சைத் தோட்டங்களில் பிலிப்பினோத் தொழிலாளர்கள் வேலைநிறுத்தம் தொடங்குகிறார்கள். கடைசியில் வருபவன் 2020ஆம் ஆண்டுக் கொவிட் காலத்துப் பையன். நால்வருக்கும் நடுவே ஒவ்வொரு தந்தையும் தாம் பட்டதை மகனிடம் சொல்லாமலே போகிறார். சொல்லாததை மகன் கோபமாக மட்டும் பெற்றுக்கொள்கிறான்.

ஜேவின் வீட்டில் அந்தச் சங்கிலி சற்றுத் தளர்கிறது. ஊர் திரும்பும்போது அவனுக்கு எல்லாம் தெளிந்துவிடவில்லை. தகாலோக் மொழியில் சில சொற்கள் மட்டும் தெரியும். தாத்தா பாட்டி ஊரின் பிக்கோல் மொழி அதுவும் தெரியாது. ஆனால் தந்தையிடம் கேட்பதற்கு இப்போது அவனிடம் கேள்விகள் இருக்கின்றன. உடனே பல்கலைக்கழகத்துக்குப் போக வேண்டும் என்ற அவசரமும் குறைந்துவிட்டது. மீண்டும் பிலிப்பீன்ஸுக்குப் போய்ச் சில காலம் தங்கிவர நினைக்கிறான்.

நாவலின் அத்தியாயங்களுக்கு இடையிடையே ஜூனின் கடிதங்கள் அச்சிடப்பட்டிருக்கின்றன. முதல் முறை படிப்பவர்கள், கதை எங்கே போகிறது என்ற ஆவலில் அவற்றை வேகமாகக் கடந்து போய்விடுவார்கள். முடிவு தெரிந்தபின் திரும்பிப் படித்தால் அவை வேறு மாதிரி இருக்கின்றன. அவற்றை எழுதும்போது அந்தச் சிறுவனுக்குத் தன் முடிவு தெரியாது. தாளின் மேல் தேதியைக் குறித்து, தன்னைப் பற்றிச் சொல்லிவிட்டு, மிச்சிகனில் இருப்பவன் எப்படி இருக்கிறான் என்று தெரிந்துகொள்ளக் காத்திருக்கிறான்.